கிண்ணத்துள் ஓர் உலகம்

“ஊருக்கு வெளியே கொண்டுபோய்க் கொட்டிவிட்டால் தீர்ந்தது” என்பது நம்மவர் நாவில் நாள்தோறும் புழங்கும் வார்த்தை. குப்பையானால் என்ன, கழிவுநீரானால் என்ன, கண்ணுக்கு மறைந்தது கருத்துக்கும் மறைந்துவிடுகிறது. ஆனால் ஊருக்கு வெளியே என்று நாம் சொல்லும் அந்த இடம் எங்கே இருக்கிறது? அஃது எவருடைய ஊர்? அங்கே சென்ற பொருள் மீண்டு வாராது என்று நமக்கு உறுதி கூறியவர் யார்? உலகம் வெப்பமடைகிறது, கடல் மாசடைகிறது, காடு அழிகிறது என்று நாள்தோறும் செய்திகள் வருகின்றன. அவற்றின் வேரைத் தேடினால் இந்தச் சிறிய வார்த்தையிலேயே வந்து நிற்போம். இதனை ஆராயத் தூரதேசம் போக வேண்டியதில்லை. நமது கண்டிமாநகரமே போதும்.

கண்டி என்னும் பெயர், மலையைக் குறிக்கும் ‘கந்த’ என்ற சிங்களச் சொல்லின் வழிவந்தது. கடல் மட்டத்துக்கு மேல் ஏறத்தாழ 500 மீற்றர் உயரத்தில், தெற்கே ஹந்தானை மலைத்தொடரும் வடக்கே உடவத்தைக் காடும் மேற்கே பைரவகந்தையும் காவல் நிற்க, நடுவே ஒரு கிண்ணம்போலக் கிடக்கிறது நகரம். மேற்கு, வடக்கு, கிழக்கு என மூன்று புறமும் மகாவலி கங்கை அதனைச் சுற்றி வளைத்து ஓடுகிறது. இந்த அமைப்பே ஒரு காலத்தில் கண்டியின் பலமாக இருந்தது. கரையோரங்களை வென்ற போர்த்துக்கேயரும் ஒல்லாந்தரும் இம்மலைகளைத் தாண்டி வந்தும் நிலைத்திருக்க இயலவில்லை. 1815 ஆம் ஆண்டு வரை கண்டியரசு தனித்து நின்றது.

பகைவரை வெளியே நிறுத்திய அதே மலைகள், இன்று நம்முடைய புகையை உள்ளே நிறுத்துகின்றன.

இது நடைபெறும் விதத்தைச் சற்று விளக்குவோம். மேலே போகப் போகக் காற்றுக் குளிர்வது பொது இயல்பு. ஆனால் காற்றசைவு இல்லாத தெளிந்த இரவுகளில் மலைச்சரிவுகளை ஒட்டிய காற்று விரைவில் குளிர்ந்து, கனத்து, பள்ளத்தை நோக்கி இறங்குகிறது. அதன்மேல் வெப்பமான காற்று ஒரு மூடிபோல் அமர்ந்துவிடுகிறது. மூடியிட்ட பானைக்குள் எழுந்த புகைக்குப் போக்கிடம் ஏது? கொழும்பிலிருந்து பேராதனை வழியாகவும், மாத்தளை, குருநாகல் திசைகளிலிருந்து கட்டுகஸ்தோட்டை வழியாகவும், மகியங்கனைத் திசையிலிருந்து தென்னக்கும்புர வழியாகவும் வரும் பஸ் வண்டிகளும் லொறிகளும் முச்சக்கர வண்டிகளும் இக்குறுகிய பள்ளத்துக்குள்ளேயே வந்து நெருங்குகின்றன. காலையிலே பாடசாலைக்குச் செல்லும் பிள்ளைகள் அந்தப் புகையைச் சுவாசித்துக்கொண்டே செல்கின்றனர்.

புகையிலுள்ள துணிக்கைகளுட் சில, மயிரிழையின் பருமனில் முப்பதில் ஒரு பங்குக்கும் சிறியவை. அவை சுவாசப்பையின் ஆழத்தை எட்டி, அங்கிருந்து இரத்தத்திலும் கலக்க வல்லவை. இவற்றால் விளையும் தீங்கு முன்னர் எண்ணியதனினும் பெரிது என்று கண்ட உலக சுகாதார நிறுவனம், ஒரு கனமீற்றர் காற்றில் அவை இருக்கத்தக்க வருடாந்த அளவை 10 மைக்கிரோகிராமிலிருந்து 5 மைக்கிரோகிராமாக 2021 ஆம் ஆண்டில் குறைத்து வகுத்தது.

நம் புகை நம்மிடமே தங்குகிறது என்பது ஒரு புறம். பிறர் புகையும் நம்மைத் தேடி வருகிறது என்பது மற்றொரு புறம். 2022 ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் வங்காள விரிகுடாவில் மண்டூஸ் புயல் எழுந்தபோது, இந்தியப் பெருநிலத்திலிருந்து வந்த மாசுபட்ட காற்று நமது தீவின்மேல் பரவி, யாழ்ப்பாணம், கொழும்பு, கண்டி முதலிய நகரங்களைப் புகைமூட்டத்தில் ஆழ்த்தியது. அம்மாதம் 9 ஆம் திகதி பாடசாலைகளும் மூடப்பட்டன. காற்றுக்குக் கடவுச்சீட்டு இல்லை. ஒரு நாட்டார் ‘வெளியே’ அனுப்பியது மற்றொரு நாட்டாரின் முற்றத்தில் வந்து இறங்கியது.

நிற்க, காற்றை விட்டு நீருக்கு வருவோம். கண்டியின் இறுதி அரசனாகிய ஸ்ரீ விக்கிரமராஜசிங்கன், வயல்நிலமாய்க் கிடந்த தாழ்ந்த பகுதியை 1807 ஆம் ஆண்டில் அணையிட்டு ஏரியாக்கினான். பாற்கடல் என்பது அதற்கு வழங்கிய பெயர். இன்றும் நகருக்கு வருவோர் முதலில் கண்டு மகிழ்வது அதனையே. ஆயினும் சுற்றுமுள்ள சரிவுகளில் வீடுகளும் விடுதிகளும் பெருகப் பெருக, அவற்றின் கழிவும் மேட்டு மண்ணும் மழைநீரோடு ஏரிக்கு வந்து சேர்ந்தன. கழிவு என்பது நமக்கு அழுக்கு. நீர்ப்பாசிக்கோ அது விருந்து. 1999 ஆம் ஆண்டில் நச்சுத்தன்மையுள்ள நீலப்பச்சைப் பாசி பெருகி ஏரியைப் போர்த்தது. பாற்கடல் பச்சைக் கடலாயிற்று.

ஏரி நிரம்பினால் அதன் நீர் மெத எல என்னும் கால்வாய் வழியாக நகரின் நடுவே ஓடுகிறது. கடைத்தெருவின் கழிவுகளையும் இருமருங்கிலுமுள்ள குடியிருப்புக்களின் கழிவுகளையும் ஏற்றுக்கொண்டு, நகரின் மேற்கே மகாவலியில் கலக்கிறது. நகரத்துக் குப்பையோ கட்டுகஸ்தோட்டைக்கு அண்மையிலுள்ள கொஹாகொடையில் பல பத்தாண்டுகளாகக் கொட்டப்பட்டு வந்தது. அதுவும் மகாவலியின் கரையோரந்தான். குப்பைமேட்டில் மழை பெய்தால், அதனூடே வடிந்து கறுத்து வரும் சாறு தாழ்ந்த இடத்தை நாடுவது இயற்கை. தாழ்ந்த இடம் ஆறு. அந்த ஆற்றிலிருந்தே கண்டியிலும் சுற்றுப்புறங்களிலும் வாழும் பெருந்தொகையான மக்களின் குடிநீர் எடுத்துச் சுத்திகரிக்கப்படுகிறது. வெளியே அனுப்பியது எவ்வளவு விரைவில் வீட்டுக் குழாயின் வாயிலுக்குத் திரும்பி வந்துவிட்டது, பார்த்தீர்களா?

கதை அங்கும் முடிவதில்லை. கட்டுகஸ்தோட்டையைத் தாண்டியதும் பொல்கொல்லை அணைக்கட்டு இருக்கிறது. 1976 ஆம் ஆண்டில் நிறைவெய்திய இவ்வணை, மகாவலி நீரின் ஒரு பகுதியை மலையைக் குடைந்து அமைத்த சுரங்கத்தின் வழியே உக்குவெலைக்குத் திருப்புகிறது. அங்கே மின்சாரம் தந்த நீர், சுது கங்கையிலும் பின்னர் அம்பன் கங்கையிலும் சேர்ந்து, வறண்ட நிலத்து வயல்களுக்குப் பாய்கிறது. பொலன்னறுவைப் பராக்கிரம சமுத்திரத்துக்கும் நீர் வழங்குவது அம்பன் கங்கையே. அவ்வயல்களில் விளைந்த நெல் அரிசியாகி, லொறியேறிக் கண்டிச் சந்தைக்கு வருகிறது. நாம் ஆற்றில் விட்டதில் ஒரு துளியேனும் நமது சோற்றுத் தட்டுக்கு மீளாதென்று எவர் உறுதி கூற வல்லார்? அணையைத் தாண்டிச் செல்லும் எஞ்சிய நீரோ விக்ரோரியா, ரந்தெனிகலை, ரந்தம்பை ஆகிய தேக்கங்களைக் கடந்து, 335 கிலோமீற்றர் நீளப் பயணத்தின் முடிவில் திருகோணமலைக்கு அருகே கொட்டியாரக் குடாவில் கடலடைகிறது. அங்கே வலைவீசும் மீனவன் கண்டிநகரைக் கண்டிராதவனாயிருக்கலாம். கண்டியின் அழுக்குக்கும் அவனுக்கும் சம்பந்தம் இல்லையென்று சொல்லுதல் ஆகுமா?

பொல்கொல்லை மற்றுமொரு பாடத்தையும் புகட்டுகிறது. அணை கட்டிப் பன்னிரண்டு ஆண்டுகள் கழிந்தபின் அளந்து பார்த்தபோது, அத்தேக்கத்தின் கொள்ளளவில் ஐந்தில் இரண்டு பங்குக்கு மேல் வண்டல் நிரம்பியிருந்தது. இந்த வண்டல் எங்கிருந்து வந்தது? அதற்கு விடை கூற நாம் மலையின்மேல் ஏறவேண்டும். ஏறக்குறைய இருநூறு ஆண்டுகள் பின்னோக்கியும் செல்லவேண்டும்.

1820களில் கம்பளையை அடுத்த சின்னப்பிட்டியில் கோப்பித் தோட்டம் தொடங்கியது. கொழும்பிலிருந்து கண்டிக்குப் பெருந்தெரு அமைந்ததும் துரைமாரின் கண் மலைகளின்மேல் விழுந்தது. உரிமைக்குச் சான்று காட்ட இயலாத நிலமெல்லாம் முடிக்குரியது என்று 1840 ஆம் ஆண்டுச் சட்டம் கூறிற்று. ஏக்கர் ஒன்று ஐந்து சிலிங் என்ற விலைக்கும் காடு விற்கப்பட்டது. பல்லாயிரம் ஆண்டுகளாக மழையைத் தாங்கி, வேரால் மண்ணைப் பிடித்து, ஊற்றாகச் சிறிது சிறிதாகக் கசியவிட்ட அந்தக் காடு, சில பத்தாண்டுகளில் கோடரிக்கும் தீக்கும் இரையாயிற்று. மலை மலையாக ஒரே பயிர் நின்றது. 1869 ஆம் ஆண்டில் கோப்பி இலைகளில் செம்மஞ்சள் நிறத் துருநோய் கண்டது. எதிர்ப்பட்டதெல்லாம் ஒரே இனச் செடியாதலால், அந்தப் பூஞ்சணத்துக்குத் தடையேதும் இருக்கவில்லை. உலகச் சந்தையில் பெயர்பெற்ற இலங்கைக் கோப்பி ஒரு தலைமுறைக்குள் அழிந்தது.

தோட்டக்காரர் காட்டைத் திருப்பித் தந்தனரா? இல்லை. 1867 ஆம் ஆண்டில் ஜேம்ஸ் டெயிலர் என்பவர் கண்டி மாவட்டத்து லூல்கந்துரவில் 19 ஏக்கரில் நட்டிருந்த தேயிலை, கோப்பியின் இடத்தை எடுத்துக்கொண்டது. எஞ்சிய காடும் குறைந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதிப் பகுதியில் இத்தீவின் நிலப்பரப்பில் நூற்றுக்கு எண்பதுக்கு மேல் காடாயிருந்ததென்பர். இன்று அது முப்பதுக்கும் குறைவு. மலைநாட்டுத் தேயிலை நிலங்கள் ஒரு நூற்றாண்டுக் காலத்தில் ஏறக்குறைய ஓரடி ஆழமான மேல்மண்ணை இழந்தன என்பது ஆய்வாளர் கணிப்பு. ஓரங்குல மண் உருவாவதற்கு நூற்றுக்கணக்கான ஆண்டுகள் செல்லும். அந்த ஓரடி மண்ணின் ஒரு பகுதியே ஆற்றின் வழியே இறங்கி, அணைக்கட்டின் காலடியில் வண்டலாய்க் கிடக்கிறது.

அரசு இதனை அறியாதிருந்ததென்று கூற முடியாது. 1947 ஆம் ஆண்டுப் பெருவெள்ளம் மலைநாட்டை உலுக்கிய பின், 1951 ஆம் ஆண்டில் மண் பாதுகாப்புச் சட்டம் நிறைவேறியது. 2010 ஆம் ஆண்டில் ஹந்தானைப் பகுதி சுற்றாடற் பாதுகாப்புப் பிரதேசமாகப் பிரகடனம் செய்யப்பட்டது. ஆனால் சட்டம் ஏட்டில் இருக்க, வீடுகளும் விடுதிகளும் சரிவுகளில் மேலே மேலே ஏறின. வீட்டுக்குத் தளம் வேண்டி மலையின் அடியை வெட்டுகிறோம். நீர் வடியும் பழைய வாய்க்கால்களை மண்ணிட்டு மூடுகிறோம். அடியில் தாங்கல் போய், உள்ளே நீர் ஊறிக் கனத்த மண் எத்தனை நாள் நிற்கும்?

2025 ஆம் ஆண்டு நவம்பர் மாத இறுதியில் அதற்கு மறுமொழி கிடைத்தது. டித்வா என்னும் புயல் இத்தீவைத் தாக்கியபோது மலைநாட்டில் பெய்த மழை சாதாரண மழையன்று. மகாவலி கரைபுரண்டு கம்பளையிலும் பேராதனையிலும் ஊருக்குள் புகுந்தது. மலைகள் பல இடங்களில் சரிந்தன. நாடெங்கும் 600க்கும் மேற்பட்டோர் மாண்டனர். எல்லா மாவட்டங்களிலும் உயிரிழப்பு மிகுந்தது நமது கண்டி மாவட்டமே.

மழை என்றும் பெய்ததே, வெள்ளம் என்றும் வந்ததே என்று சிலர் சொல்லக்கூடும். உண்மைதான். ஆனால் மழையின் வலிமையே மாறி வருகிறது. 1958 ஆம் ஆண்டில் ஹவாய்த் தீவின் மௌனா லோவா மலைமீது அளக்கத் தொடங்கியபோது, பத்து இலட்சம் பங்கு காற்றில் காபனீரொட்சைட்டு ஏறத்தாழ 315 பங்காக இருந்தது. இன்று அது 420 பங்கைக் கடந்துவிட்டது. நிலக்கரியும் எண்ணெயும் எரிந்த புகையும் காடு அழிந்ததன் விளைவும் அங்கே சேர்ந்திருக்கின்றன. இந்த வாயு பூமியின் வெப்பத்தை வெளியேற விடாது தடுக்கிறது. 2024 ஆம் ஆண்டில் உலகின் சராசரி வெப்பநிலை, தொழிற்புரட்சிக்கு முந்திய நிலையைவிட 1.5 பாகை செல்சியசுக்கு மேல் உயர்ந்திருந்தது. வெப்பம் ஒரு பாகை உயர்ந்தால் காற்று ஏறத்தாழ 7 வீதம் கூடுதலான நீராவியைத் தாங்கும். வெப்பமான கடல் புயலுக்கு ஊட்டம் அளிக்கும். தாங்கிய நீரையெல்லாம் காற்று ஓரிடத்தில் கொட்டும்போது, வேரற்ற மலையால் அதனை ஏற்க முடிவதில்லை.

உலகத்தையும் ஒரு கிண்ணம் என்றே கூறவேண்டும். கண்டியின் புகைக்கு மலைகள் சுவராவதுபோல, பூமியின் புகைக்கு அதன் காற்றுமண்டலமே மூடியாகிறது. அதற்கு அப்பால் கொண்டுபோய்க் கொட்டுவதற்கு ஊரும் இல்லை, வெளியும் இல்லை. ஆயினும் ஒரு வேறுபாட்டை நாம் மறத்தலாகாது. கிண்ணம் எல்லார்க்கும் பொதுவாயினும், அதில் அழுக்கைச் சேர்ப்பவரும் அதன் அடியில் இருந்து அதனைச் சுமப்பவரும் ஒருவரல்லர். ஆண்டொன்றுக்கு இலங்கையர் ஒருவர் பேரில் கணக்காகும் காபனீரொட்சைட்டு ஏறத்தாழ ஒரு தொன். உலகச் சராசரியோ நான்கு தொன்னுக்கும் மேல். செல்வ நாடுகள் பலவற்றில் அது மேலும் பன்மடங்கு. அவர்கள் எரித்த எண்ணெயின் விலையில் ஒரு பகுதியை இங்கே மலைச்சரிவில் வாழும் ஏழை கொடுக்கிறான்.

அந்த ஏழை யார்? தோட்டத்து லயங்களில் வாழும் நம் மக்களை எண்ணிப் பாருங்கள். அவர்களுடைய முன்னோர் மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே நடந்து, வழியில் நோய்க்கும் பசிக்கும் பலரைப் பறிகொடுத்து மாத்தளை வந்து சேர்ந்தவர்கள். காட்டை வெட்டச் சொன்னவர் ஒருவர். வெட்டிய கூலி மற்றொருவர். இலாபம் கண்டவர் வேறொருவர். மலை சரியும்போது அதன் அடியில் இருப்பவரோ அந்தக் கூலியின் பேரப்பிள்ளைகள். 2014 ஆம் ஆண்டு அக்டோபர் 29 ஆம் திகதி பதுளை மாவட்டத்துக் கொஸ்லாந்தையில் மீரியபெத்தைத் தோட்டத்து லயங்கள் மண்ணில் புதைந்தன. அவ்விடம் அபாயமானது, குடிகளை அகற்றுங்கள் என்று 2005 ஆம் ஆண்டிலும் 2011 ஆம் ஆண்டிலும் முன்னறிவிப்பு இருந்தது. எச்சரிக்கை இருந்தது; போவதற்கு நிலம் இருக்கவில்லை. தமக்கென ஒரு துண்டுக் காணியில்லாதவனிடம் ‘அபாயம், விலகு’ என்று சொல்வதில் பயன் என்ன? சுற்றாடல் என்றால் மரமும் பறவையும் மட்டுமே என்று கருதுவோர் இதனை மனத்தில் இருத்த வேண்டும். மலைநாட்டிலே காணியுரிமையும் சுற்றாடற் பிரச்சினையே.

இத்தனையும் சொன்னபின், இனிச் செய்வதற்கு ஒன்றும் இல்லை என்ற சோர்வு வாசகர் மனத்தில் எழுதல் கூடாது. மனிதன் ஒன்றுபட்டுத் துணிந்தபோது கிண்ணம் தெளிந்ததுண்டு. பெற்றோலில் கலந்த ஈயம் குழந்தைகளின் மூளையைத் தாக்குவதை அறிந்த நாடுகள் ஒவ்வொன்றாக அதனை விலக்கின. இலங்கை 2002 ஆம் ஆண்டில் விலக்கியது. 2021 ஆம் ஆண்டில் உலகமெங்கும் வாகனங்களுக்கு அது விற்பது நின்றது. ஓசோன் படையை அரித்த வாயுக்களைக் கைவிட 1987 ஆம் ஆண்டில் மொன்றியலில் உடன்பாடு கண்டனர். இன்று அப்படை மெல்ல மெல்ல ஆறிவருகிறது.

நமது வாசலிலேயே ஒரு சான்று உண்டு. தலதா மாளிகைக்குப் பின்னே எழும் உடவத்தைக் காடு, கண்டி மன்னர் காலத்தில் பொதுமக்கள் புகலாகாத தடைவனமாயிருந்தது. ஆங்கிலேயர் ஆட்சியில் 1856 ஆம் ஆண்டில் ஒதுக்கப்பட்ட காடாகவும், 1938 ஆம் ஆண்டில் சரணாலயமாகவும் பிரகடனப்படுத்தப்பட்டது. சுற்றிலும் கோப்பியும் தேயிலையும் மலைகளை விழுங்கிய காலத்திலும், ஏறத்தாழ 257 ஏக்கர் நிலம் நகரத்தின் தலைமேல் பசுமையாய் நின்றது. இங்கே கைவைக்கலாகாது என்று ஒரு கோடு வரைந்து, தலைமுறை தலைமுறையாக அதனை மதித்ததால் வந்த பயன் அது.

ஆகவே நாம் வேண்டுவன சில. வீட்டில் சமையற் கழிவை வேறாகவும் பொலித்தீன், போத்தல்களை வேறாகவும் பிரித்து வையுங்கள். சமையற் கழிவுக்கு ஒரு குழி தோண்டினால் அது ஆறு மாதத்தில் கத்தரிக்கும் மிளகாய்க்கும் உரமாகும். குப்பைமேட்டின் சாறாக ஆற்றுக்குப் போகாது. வீடு கட்டுவோர் மலையடியை வெட்டுமுன் தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தின் ஆலோசனையைப் பெறுங்கள். நீர் வடியும் வழியை அடைக்காதீர்கள். இவை நம் கையில் உள்ளவை.

நம் கையில் இல்லாதவற்றைக் கேட்டுப் பெறும் உரிமை நமக்கு உண்டு. வாக்குக் கேட்டு வருவோரிடம் பாலம், தெரு, விளக்கு என்பவற்றோடு வேறு இரண்டையும் கேளுங்கள். நமது ஊர்க் குப்பையும் கழிவுநீரும் எங்கே போய்ச் சேருகின்றன என்பது ஒன்று. அபாயச் சரிவிலுள்ள லயத்துக் குடும்பங்களுக்குப் பாதுகாப்பான நிலம், அவர்கள் பேரில் உறுதியோடு, எப்பொழுது கிடைக்கும் என்பது மற்றொன்று. அடுத்த மழைக்காலம் வருமுன் மறுமொழி வேண்டும் என்று சொல்லுங்கள். மழை தவணை தருவதில்லை.